சொல்நூற்பானுக்கு எதற்குத் தீ மூச்சு?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் சிறுவர் இணைப்பில் வாரந்தோறும் வெளிவரும் மாயக்கதைத் தொடரை முதல் வாரத்திலிருந்தே விடாமல் வாசித்து வருகிறேன். அந்தத் தொடரின் உயிர்நாடியான ‘சொல்நூற்பான்’ என்னும் சிலந்தியினத்தைப் பற்றியதே இந்தக் கடிதம். கற்பனையில் பிறந்த ஓர் உயிருக்காக நாளிதழ் ஆசிரியருக்கு இவ்வளவு நீளமாக எழுத வேண்டுமா என்று சிலர் கேட்கக்கூடும். வேண்டும் என்றே கருதுகிறேன். அண்மையில் வந்த அத்தியாயங்களில் அந்தச் சிலந்திக்கு நேர்ந்திருப்பது அநியாயம்; அந்த அநியாயம் அச்சிட்ட தாளோடு நின்றுவிடவும் இல்லை.

தொடரைப் படிக்காத வாசகர்களுக்காகக் கதையின் அடிப்படையைச் சொல்லிவிடுகிறேன். ஏழ்குன்றம் என்னும் நாட்டில் எழுத்து என்பதே கிடையாது. ஓலை இல்லை, கல்வெட்டு இல்லை, கடன் கணக்கு எழுதும் நோட்டுப் புத்தகமும் இல்லை. அந்த நாட்டு மக்கள் கொடுத்த வாக்கு, பாடிய தாலாட்டு, பேசித் தீர்த்த வரப்புத் தகராறு, மருந்துச் சரக்கின் அளவு ஆகிய எல்லாமே காட்டு மரங்களுக்கிடையே சொல்நூற்பான் கட்டும் வலைகளில்தான் இருக்கின்றன. வலைக்கு முன்னால் நின்று ஒருவர் பேசினால் இழை அதிர்ந்து அந்தச் சொல்லைப் பிடித்துக்கொள்ளும். விடியற்காலையில் பனி இறங்கும்போது பேசியவரின் குரலிலேயே அதைத் திருப்பிச் சொல்லும். பொய் அதில் ஒட்டாது. ஒரே சொல்லை மூன்று முறை கேட்டுவிட்டால் இழை அறுந்துபோகும். இறந்துபோன தாயின் குரலைக் கேட்க வந்த சிறுமி, இரண்டு முறை கேட்டபின், மூன்றாவது முறையும் கேட்பதா வேண்டாமா என்று மரத்தடியிலேயே உட்கார்ந்திருக்கும் அத்தியாயத்தை எங்கள் தெருவில் படிக்காத பிள்ளை இல்லை. பெரியவர்களும் வாங்கிப் படித்தார்கள். இவ்வளவு அருமையான உயிர் ஒன்றைப் படைத்ததற்காகத் தொடரின் ஆசிரியரை மனமாரப் பாராட்டுகிறேன்.

அந்த உயிர் அண்மைக் காலத்தில் வேறொன்றாகிவிட்டது. காளை மாட்டளவு வளர்ந்திருக்கிறது. ஓடும் குதிரையைக் கண்ணால் குறிவைத்துத் துரத்துகிறது. கடைசியாக, வாயிலிருந்து தீயைக் கக்கி ஒரு சிற்றூரையே சாம்பலாக்கியிருக்கிறது. ஊரார் பந்தங்களோடு திரண்டு சிலந்திக் காட்டைக் கொளுத்தப் புறப்படும் இடத்தில் சென்ற வார அத்தியாயம் முடிந்தது. எழுத்தே இல்லாத நாட்டில் வலைக்காட்டைக் கொளுத்துவது என்றால் அந்த நாட்டின் நூலகம் முழுவதையும் கொளுத்துவது என்று பொருள். அதைப் பற்றி ஒரு வரிகூட இல்லாமல், வெற்றிப் புறப்பாடாக அந்தக் காட்சி எழுதப்பட்டிருப்பதைப் படித்தபோது எனக்குப் பெருத்த வருத்தம் உண்டாயிற்று.

மாயக்கதைதானே, அதில் எதுவும் நடக்கலாமே என்பது பொதுவாகச் சொல்லப்படும் சமாதானம். நான் அதை ஏற்கவில்லை. நம் பக்கத்துக் கோயில் மண்டபங்களில் யாளித் தூண்களை எல்லாரும் பார்த்திருக்கிறோம். யாளி என்றொரு விலங்கு எந்தக் காட்டிலும் இருந்ததில்லை. ஆயினும் அதன் துதிக்கையில் யானையை உற்றுப் பார்த்த கண் தெரிகிறது. பாதத்து நகத்தில் சிங்கத்தின் பிடிப்பு தெரிகிறது. உறுப்புகள் ஒவ்வொன்றும் உண்மையாக இருப்பதால்தான், அவை சேர்ந்து நிற்கும் பொய்யை நம் மனம் மறுப்பின்றி ஏற்றுக்கொள்கிறது. சொல்நூற்பானும் தொடக்கத்தில் அப்படித்தான் இருந்தது. சிலந்தியை அறிந்த ஒருவர் எழுதியது என்று நான் நம்பியதற்குக் காரணம் உண்டு.

சிலந்திக்குக் காது கிடையாது. கால்களில் உள்ள நுண்மயிர்களின் வழியாகவும், தான் கட்டிய வலையின் வழியாகவும் அதிர்வுகளை உணர்ந்தே அது உலகத்தை அறிகிறது. வட்ட வலை கட்டும் ஒருவகைச் சிலந்தி, தன் வலை முழுவதையுமே ஒரு பெரிய செவியாகப் பயன்படுத்தித் தொலைவிலிருந்து வரும் ஒலியைக் கேட்கிறது என்பதை அமெரிக்க ஆய்வாளர்கள் 2022-இல் வெளியிட்டார்கள். அப்படியானால், பேச்சைப் பிடித்துவைக்கும் வலை என்பது வெறும் அதிசயமாகாது. உண்மையில் இருக்கும் ஒன்றை இன்னும் ஓர் அடி முன்னால் கொண்டுபோனதே ஆகும். பனி இறங்கும்போது வலை பேசுகிறது என்ற கற்பனையும் அப்படியே. பசைக்குப் பதிலாக மிக நுண்ணிய இழைகளால் இரையைப் பிடிக்கும் ஒருவகைச் சிலந்தியின் நூல், ஈரம் பட்டதும் முடிச்சு முடிச்சாகத் தன் வடிவத்தை மாற்றிக்கொண்டு, காற்றிலுள்ள நீரைத் துளிகளாகத் திரட்டி அந்த முடிச்சுகளை நோக்கி இழுப்பதைச் சீன ஆய்வாளர்கள் 2010-இல் விளக்கினார்கள். பனிக்கும் சிலந்தி நூலுக்கும் அப்படியோர் உறவு உண்மையிலேயே இருக்கிறது. மார்கழி விடியலில் வயல் வரப்பில் நடந்தவர்களுக்கு இதை நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

இவ்வாறு சிலந்தியின் இயல்பிலிருந்து முளைத்த மாயத்தை விட்டுவிட்டு, வேறெங்கிருந்தோ தீயைக் கொண்டுவந்து அதன் வாயில் வைத்தது ஏன் என்பதே என் கேள்வி. தீ மூச்சு பறவைநாகத்தின், அதாவது டிராகனின், சொத்து. அதைச் சிலந்திக்குக் கொடுத்ததால் சிலந்திக்கு ஏற்றம் ஒன்றும் வரவில்லை; அதற்கென்று இருந்த மாயமும் போயிற்று. வலை கட்டிக் காத்திருப்பதே சிலந்தியின் வாழ்வு. தீயைக் கக்கத் தெரிந்த உயிர் எதற்காக வலை கட்டப்போகிறது?

கண்ணைப் பற்றியும் சொல்ல வேண்டும். முதல் அத்தியாயத்தில் “எட்டுக் கண்ணிருந்தும் பகலை அறியாதது” என்று சொல்நூற்பான் அறிமுகப்படுத்தப்பட்டது. வட்ட வலைச் சிலந்திகள் பலவற்றுக்குப் பார்வை மங்கல்தான் என்பதால் அது மிகவும் பொருத்தமாக இருந்தது. அதே உயிர் இப்போது குதிரையைக் கண்ணால் பார்த்துத் துரத்துகிறது. கூர்ந்த பார்வையோடு துரத்திப் பாயும் சிலந்திகள் உண்டு. வீட்டுச் சுவரில் ஈயைப் பிடிக்கும் குதிக்கும் சிலந்தி அப்படிப்பட்டது. ஆனால் அது இரை பிடிக்க வலை கட்டுவதில்லை. மாய உலகத்தின் சட்டத்தை எழுதியவரே மீறினால், அந்த உலகத்தில் குடியேறிய குழந்தை வாசகர்கள் எதைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள்?

உருவத்தைப் பெரிதாக்கியதற்கும் ஒரு விலை இருந்திருக்க வேண்டும். இன்றைக்கு உலகில் உள்ள சிலந்திகளில் மிகவும் கனமானது தென்னமெரிக்கக் காடுகளில் வாழ்கிறது; அதன் எடையே கால் கிலோவை எட்டுவதில்லை. சிலந்தியின் காலில் முக்கியமான சில மூட்டுகளை மடக்குவதற்குத் தசை உண்டு, நீட்டுவதற்குக் கிடையாது. உடலுக்குள் இருக்கும் நீர்மத்தை அழுத்திக் காலுக்குள் செலுத்தியே அது காலை நீட்டுகிறது. காளையளவு உடலை அந்த அழுத்தத்தால் தூக்கி நிறுத்த முடியாது, மூச்சும் போதாது. மாயத்தால் முடியும் என்றால் ஏற்றுக்கொள்கிறேன். ஆனால் எந்த மாயத்தால், எதை இழந்து என்பதைக் கதை சொல்ல வேண்டும். பிடித்த சொற்களையெல்லாம் விழுங்கித்தான் அது வளர்ந்தது, வளர வளர நாடு ஊமையாயிற்று என்று ஒரு வரி இருந்திருந்தால்கூட அந்தப் பேருருவம் நெஞ்சை நடுங்கச் செய்திருக்கும்.

இனி, அச்சிட்ட தாளோடு நிற்கவில்லை என்று மேலே குறிப்பிட்டதற்கு வருகிறேன். எங்கள் ஊர்க் குளத்தங்கரையில் உடைமரங்கள் வரிசையாக நிற்கின்றன. அவற்றின் முள் கிளைகளில் சாம்பல் நிறத்தில் பழைய துணியைச் சுருட்டி வைத்தாற்போல் கூடுகள் இருக்கும். கூட்டிலிருந்து நாலாபக்கமும் நூலாம்படை படர்ந்திருக்கும். ஒரே கூட்டில் நூற்றுக்கணக்கில் கூடி வாழும் சிலந்தியினம் அது. சிலந்திகளில் பெரும்பாலானவை தனித்தே வாழ்வதால், இப்படிக் கூட்டுக்குடும்பமாக வாழும் இனங்கள் உலகிலேயே மிகச் சிலதான். தீ மூச்சு அத்தியாயம் வந்த ஞாயிற்றுக்கிழமை மாலையில், எங்கள் தெருப் பையன்கள் காய்ந்த பனையோலையைக் கொளுத்திக்கொண்டு போய் அந்தக் கூடுகளை எரித்துவிட்டார்கள். தகவல் அறிந்து நான் போனபோது புகை அடங்கியிருந்தது. ஏனப்பா இப்படிச் செய்தீர்கள் என்று கேட்டதற்கு, அவர்களில் சிறியவன் முகம் நிறைந்த நம்பிக்கையோடு சொன்னான்: “அது தீ கக்கும்லா டீச்சர், அதான் நாங்க முந்திக்கிட்டோம்.” அந்தப் பிள்ளைகளை நான் ஏசவில்லை. ஊரைக் காப்பாற்றியதாகவே அவர்கள் எண்ணியிருந்தார்கள்.

அரைகுறையாகக் கருகிக் கீழே விழுந்திருந்த கூடு ஒன்றை எடுத்து அவர்கள் முன்னிலையிலேயே பிரித்தேன். உள்ளே காய்ந்த இலைகளையும், உறிஞ்சி எறிந்த வண்டுகளின் ஓடுகளையும் நூலால் தைத்துச் சிறு சிறு அறைகளும் நடைகளும் அமைக்கப்பட்டிருந்தன. நடைகளில் விரல்நகமளவுகூட இல்லாத சிலந்திகள் எட்டுக் கால்களையும் மார்போடு சேர்த்து மடக்கிச் செத்துக் கிடந்தன. உயிர் போனால் உள்ளழுத்தம் போய்விடும், அழுத்தம் போனால் கால் நீளாது, ஆகவே செத்த சிலந்தியின் கால்கள் எப்போதும் இப்படி மடங்கியே இருக்கும் என்று விளக்கினேன். ஓர் அறையில் தாய் ஒன்று சுருங்கிக் கிடந்தது. அதன் மேலும் அடியிலும் கடுகை விடச் சிறிய குஞ்சுகள் அப்பியிருந்தன. அந்தத் தாய் தீயில் சுருங்கியதன்று. இந்த இனத்தில் குஞ்சுகள் பொரிந்ததும் தாய் தன் உடலையே உள்ளுக்குள் கரைத்து அவற்றுக்கு வாய்வழியாக ஊட்டும். ஊட்டுவதற்கு ஒன்றும் மிஞ்சாதபோது குஞ்சுகள் தாயையே உண்டு வளரும். இதைச் சொன்னபோது பையன்கள் ஒருவரும் பேசவில்லை. பனையோலையைக் கொண்டுவந்தவன் மட்டும், மற்ற மரத்திலுள்ள கூடுகள் பிழைத்துக்கொள்ளுமா என்று கேட்டான். பிழைக்கும் என்றேன்.

தன் உடலைக் கரைத்துப் பிள்ளைக்கு ஊட்டும் உயிர் நம் ஊர் உடைமரத்தில் இருக்கும்போது, அதைவிடப் பெரிய மாயத்தை நாம் எங்கே தேடிப்போவது? சொல்நூற்பானும் தன் குஞ்சுகளுக்குத் தான் பிடித்த சொற்களை ஊட்டி, ஊட்டி முடித்ததும் தானும் குரலாகவே கரைந்துபோகும் என்று எழுதினால், ஏழ்குன்றத்தின் பழைய குரல்கள் தலைமுறை தலைமுறையாக எப்படி வருகின்றன என்பதற்கும் விடை கிடைத்துவிடும். வட்ட வலைச் சிலந்திகளில் பல, பழைய வலையைத் தாமே தின்று அந்தச் சத்தைக் கொண்டே புதிய வலையை நூற்கின்றன. அதையும் சேர்த்துப் பாருங்கள். பாட்டி சொன்ன சொல் தின்னப்பட்டு, புதிய நூலில் கலந்து, பேத்தி பேசும் சொல்லுக்கு நடுவே ஒரு விடியலில் திடீரென்று ஒலிக்கிறது என்றால், அந்தச் சிறுமியின் கதை எங்கே போய் நிற்கும்!

சிலந்தியை நல்லதாகவே காட்ட வேண்டும் என்று நான் கேட்கவில்லை. திருவானைக்காவின் தலபுராணத்தை அறியாத தமிழர் குறைவு. வெண்ணாவல் மரத்தடியில் இருந்த சிவலிங்கத்தின் மேல் சருகு விழாதபடி சிலந்தி ஒன்று வலையால் பந்தல் இடுகிறது. அதே லிங்கத்தைத் துதிக்கையால் நீர் மொண்டு வந்து வழிபடும் யானைக்கு அந்த வலை குப்பையாகத் தெரிகிறது, அறுத்து எறிகிறது. சிலந்தி சினந்து துதிக்கைக்குள் புகுந்து கடிக்கிறது. வலி தாங்காமல் யானை துதிக்கையைத் தரையில் அடிக்க, இரண்டும் மடிகின்றன. அந்தச் சிலந்தியே கோச்செங்கட் சோழனாகப் பிறந்து, யானை ஏற முடியாத மாடக்கோயில்களைக் கட்டியது என்பது வழிவழியாக வரும் கதை. அதில் சிலந்திக்குக் கோபமும் உண்டு, கொலையும் உண்டு. ஆனால் சருகு விழக்கூடாது என்ற கவலையிலிருந்தே அதன் கோபம் பிறக்கிறது. வலையே அதன் வழிபாடு, வலை அறுந்ததே அதன் வழக்கு. அடுத்த பிறவியில் அரசனான பிறகும் யானையை அது மறக்கவில்லை. சினம் கொண்ட சிலந்தியை எழுத விரும்புகிறவர்களுக்கு இதைவிட நல்ல முன்மாதிரியை நான் அறியேன்.

சொல்நூற்பானும் சினம் கொள்ளட்டும். ஆனால் அதற்கு ஒரு காரணம் இருக்கட்டும். கதைக்குப் பகைவன் தேவை என்றால் வலையை ஆடையாக்க விரும்பும் அரசன் ஒருவன் போதும். மடகாஸ்கரில் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட பொன்னிற வலைச் சிலந்திகளைப் பிடித்து, நூலை இழுத்து எடுத்து, நெய்த பொன்னிறத் துணி ஒன்று 2009-இல் நியூயார்க் அருங்காட்சியகத்தில் காட்சிக்கு வைக்கப்பட்டது. பதினோரு அடித் துணி ஒன்றுக்கு அத்தனை சிலந்திகள் தேவைப்பட்டன. அத்துணையளவு நூல் ஏழ்குன்றத்தின் வலைகளிலிருந்து எடுக்கப்பட்டால் எத்தனை பேருடைய தாலாட்டு அந்த அரசனின் தோளில் ஊமையாகக் கிடக்கும் என்று எண்ணிப் பார்த்தால் போதும். அதே குடும்பத்தைச் சேர்ந்த பெரிய காட்டுச் சிலந்தி நம் மேற்குத் தொடர்ச்சி மலையிலும் உண்டு. அகலமான வலையின் நடுவில் பெண் சிலந்தி கையகலத்துக்குக் கால் பரப்பி நிற்கும்; வலையின் ஓரத்தில் நிற்கும் ஆணோ, அதன் குஞ்சோ என்று எண்ணும்படி சின்னதாக இருக்கும். தொடரில் ஆண் சொல்நூற்பானை அரசனாகவும் பெண்ணை அதற்குப் பின்னால் பதுங்குவதாகவும் எழுதியிருப்பதை இந்த இடத்தில் மெல்லக் கண்டிக்கிறேன்.

காட்டைக் கொளுத்தப் புறப்பட்டவர்களை இனி எப்படித் திருப்புவது என்று தொடராசிரியர் தயங்கினால், அதற்கும் சிலந்தியே வழி வைத்திருக்கிறது. குஞ்சுச் சிலந்திகள் உயரமான இடத்தில் ஏறி, வயிற்றை உயர்த்தி, நூலை விட்டு, அந்த நூலோடு காற்றில் மிதந்து செல்கின்றன. 1832-இல் கரையிலிருந்து ஏறத்தாழ 60 மைல் தொலைவில் போய்க்கொண்டிருந்த கப்பலின் கயிறுகளில் இத்தகைய சிலந்திகள் ஏராளமாக வந்து இறங்கியதை டார்வின் குறித்திருக்கிறார். காற்றே இல்லாதபோதும் வளிமண்டலத்தின் மின்புலத்தை உணர்ந்து அவை மேலெழும்புகின்றன என்று இங்கிலாந்தின் பிரிஸ்டல் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2018-இல் காட்டினார்கள். கணவாய் வழியாகத் தென்மேற்குக் காற்று சீறிக்கொண்டு இறங்கும் ஆடி மாதத்தை அறிந்த நெல்லைச் சீமைக்காரருக்கு இந்தக் காட்சியைக் கற்பனை செய்வது கடினமன்று. பந்தங்கள் காட்டின் ஓரத்தை எட்டும் நேரத்தில் சொல்நூற்பான் குஞ்சுகள் ஆளுக்கொரு சொல்லோடு நூல்விட்டு மேலெழும்பட்டும். பந்தம் ஏந்தி நிற்பவனின் தலைக்கு மேலேயே அவனுடைய தாத்தாவின் குரல் மிதந்து போகட்டும். அதன்பிறகும் அவன் தீ வைப்பானா இல்லையா என்பதைத் தொடராசிரியரிடமே விட்டுவிடுகிறேன்.

ஓவியத்தைப் பற்றியும் ஒரு வேண்டுகோள். சென்ற வாரப் படத்தில் சிலந்திக்கு ஆறு கால்கள் மட்டுமே இருந்தன. அவையும் வயிற்றிலிருந்து முளைத்திருந்தன. தலையில் வண்டுக்கு இருப்பதுபோல் உணர்கொம்புகள் வேறு. மாயச் சிலந்தியானாலும் அது சிலந்தி என்று சொல்லப்படுவதால், எட்டுக் கால்களும் தலைமார்புப் பகுதியிலிருந்து புறப்பட வேண்டும், கொம்புகள் இருக்கக்கூடாது. பள்ளிப் பிள்ளைகள் அந்தப் படத்தை வெட்டி நோட்டில் ஒட்டிக்கொள்கிறார்கள் என்பதால் இது சிறிய செய்தியன்று.

தோலில் இனம் தெரியாத தடிப்பு ஒன்று வந்தாலே எட்டுக்கால் பூச்சியின் மேல் பழி போடும் பழக்கம் நம்மிடையே முன்பே இருக்கிறது. நம் தோட்டங்களில் வலை கட்டும் சிலந்திகளில் பெரும்பாலானவை மனிதருக்குப் பெருந்தீங்கு செய்வதில்லை. பயிரைத் தின்னும் பூச்சிகளைத் தின்று நமக்கு உதவுகின்றன. ஆகவே, வரும் ஞாயிற்றுக்கிழமை அத்தியாயத்தின் அடியில், உடைமரங்களிலும் தோட்டங்களிலும் உள்ள சிலந்திக் கூடுகளை யாரும் எரிக்க வேண்டாம் என்று பிள்ளைகளுக்குப் புரியும்படி நான்கு வரிகள் வெளியிடுமாறு தங்களைப் பணிவன்புடன் கேட்டுக்கொள்கிறேன். ஓவியருக்கு உதவுமானால், குளத்தங்கரையில் எஞ்சியிருக்கும் கூடுகளின் புகைப்படங்களை எடுத்து இந்த வாரத்திற்குள் தங்கள் அலுவலகத்திற்கு அனுப்பிவைக்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற உயிரியல் ஆசிரியை ஒருவர்,
அம்பாசமுத்திரம் வட்டம்,
திருநெல்வேலி மாவட்டம்.